ஐம்பத்தேழு நிமிடம்

கணக்குப் போட்டுப் பார்த்தேன்.
பதினோரு வருஷம்.
பனியில் மட்டும் ஆயிரத்து நூற்று நாற்பது தாவல்.
ஒன்றுக்கு மூன்று நொடி.
ஆக ஐம்பத்தேழு நிமிடம்
நான் காற்றில் இருந்திருக்கிறேன்.
தாராபுரத்தில் பஸ் ஏறினால்
அதற்குள் கொடுவாய் வந்துவிடும்,
குண்டடத்தில் ஆள் ஏற்ற நிற்பதையும் சேர்த்து.

எங்களுக்குப் பனி என்றால்
மார்கழியில் சோளத்தட்டு நுனியில் நிற்பது.
ஏழு மணிக்கு மேல் அதற்கு விலாசம் கிடையாது.
காலில் பலகை கட்டிக்கொண்டு
பனியில் சறுக்கிப் பறக்கப் போகிறேன் என்றதும்
சாயம் பட்ட லுங்கியில் கை துடைத்தபடி
அப்பா கேட்டார்:
'மாசச் சம்பளமா, பீஸ் ரேட்டா?'

பீஸ் ரேட்தான் அப்பா.
விழுந்த பீசுக்குக் கூலி இல்லை.

முதல் இரண்டு கோடையில் பனியையே காட்டவில்லை.
பிளாஸ்டிக் சரிவு, முடிவில் ஒரு குளம்.
விழுகிற முதுகு பிளந்துவிடாமலிருக்க
அடியிலிருந்து காற்று ஊதி
தண்ணீரைக் கொதிக்க வைத்திருப்பார்கள்.
முதல் பல்டி முடிந்து தலை தூக்கியதும்
'மோட்டார் ஓடுற கெணறு மாதிரி இருக்குது' என்றேன்.
கரையில் நின்ற எட்டு நாட்டுக்காரர்களும்
நான் அடிபட்டு உளறுவதாக நினைத்தார்கள்.

காற்றை மட்டும் எனக்கு யாரும்
சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை.
கணவாய் வழியாக ஆடியில் நுழைந்து
குலை தள்ளிய வாழையை ஒரே ராத்திரியில்
படுக்க வைக்கிற காற்றுக்கு எதிரே
ஸ்கூலுக்கு சைக்கிள் மிதித்தவள்.
உச்சியில் நிற்கும்போது
கொடி அசைவதற்கு முன்பே முதுகுக்குத் தெரியும்:
இப்போது இல்லை.
இப்போதும் இல்லை.
போ.

தலைகீழாகச் சுற்றும்போது
வானமும் வெள்ளை, சரிவும் வெள்ளை.
தரை எதுவென்று தெரிவதற்காக
இறங்கும் இடத்தில் நீலச் சாயம் தெளிப்பார்கள்.
ஒவ்வொரு சுற்றிலும் ஒரு தடவை
அதைத்தான் தேடுவேன்,
நொய்யலில் ஓடுகிற கலரைப் பார்த்து
இந்த வருஷம் வெளிநாட்டில்
என்ன உடுத்துகிறார்கள் என்று சொல்கிறவரின் மகள்.
போட்டோ அனுப்பினேன்.
'மட்டமான சாயம், ஒரு தண்ணிக்குத் தாங்காது'
என்று பதில் வந்தது.

ஒரு ஜனவரியில்
அறைத்தோழி, பின்லாந்துக்காரி,
தெர்மலைக் கழற்றிக் கட்டிலில் போட்டாள்.
கழுத்தோரம் ஓவர்லாக் தையல்.
ஓரிடத்தில் ஊசி தவறியிருந்தது.
இரண்டாம் ஷிப்ட் முடிகிற நேரத்துத் தவறு அது.
லேபிளைப் பார்க்கவில்லை.
எடுத்து மடித்து வைத்தேன்.

பதினெட்டாவது வந்ததுதான் அதிகம்.
கோகிலவாணி என்ற பேரில்
பாதிக்கு மேல் எந்த அறிவிப்பாளரும் போனதில்லை.
'பனியன் நகரின் பனிமகள்' என்று தலைப்புப் போட்ட பத்திரிகை
இருபத்தெட்டாவது என்று அச்சடித்தது.
பிறகு இடது முழங்கால்.
பிறகு மறுபடியும் அதே முழங்கால்.

கடைசித் தாவல்:
இரண்டு பல்டிக்குள் மூன்று திருகல்.
மேலே எல்லாம் சரியாகத்தான் இருந்தது.
நீலத்தைக் கூடப் பார்த்தேன்.
உட்கார்ந்துவிட்டேன்.
நின்றிருந்தால் என்று இப்போதும்
பல் தேய்க்கும்போது தோன்றும்.

அம்மா எத்தனையாவது என்று கேட்டதே இல்லை.
போட்டி முடிந்த ராத்திரிகளில்,
அங்கே விடிந்திருக்கும்,
போனில் ஒரே கேள்வி:
'எறங்கிட்டயா கண்ணு?'

இன்றைக்குத் தாராபுரத்தில் ஒரு ஸ்கூல் ஆண்டு விழா.
பலகைகளைக் காட்டச் சொன்னார்கள்.
காட்டினேன்.
மூன்றாம் வகுப்புப் பையன் ஒருவன்
அதை நக்கிப் பார்த்தான்.

திரும்பும் பஸ்ஸில்
பலகைகளுக்குக் கண்டக்டர் லக்கேஜ் சீட்டுக் கிழித்தார்.
ஜன்னலுக்கு வெளியே காற்றாலைகள்
நின்ற இடத்திலேயே கரணம் அடித்துக்கொண்டிருந்தன.
மடியில் போன் துடித்தது.

இன்னும் இல்லம்மா.
இப்பத்தான் குண்டடம்.